ஜானி செயின்: பிட்சர்கள் கொண்டாடிய பயிற்சியாளர் ஏன் எந்த அணியிலும் நிலைக்கவில்லை?

2024 ஏப்ரல் 6, காலை (வாசகர் ஒருவரின் கேள்வி)

பேஸ்பாலில் பந்துவீச்சுப் பயிற்சியாளர் என்பவர் உண்மையில் என்ன செய்கிறார்? கையில் திறமை உள்ள பிட்சர்கள் (பந்து வீசுபவர்கள்) கிடைத்தால் அவர் பெயர் வாங்குகிறார், கிடைக்காவிட்டால் வேலை போகிறது. ஜானி செயின்தான் இந்தத் தொழிலில் ஆகச் சிறந்தவர் என்று பலர் எழுதுகிறார்கள். அவர் ஆறு அணிகளில் வேலை பார்த்திருக்கிறார். அவ்வளவு சிறந்தவரை ஓர் அணியாவது விடாமல் பிடித்து வைத்திருக்க வேண்டாமா?

2024 ஏப்ரல் 6, இரவு

கேள்வியின் இரண்டாம் பாதிக்கு முதலில் பதில் சொல்கிறேன், அதுதான் எளிது. அவரை வேலைக்கு எடுத்தவர்களும் அனுப்பியவர்களும் மேனேஜர்களும் (களத்தில் அணியை நடத்துபவர்கள்) நிர்வாகங்களும். அவரைச் சிறந்தவர் என்று சொன்னவர்கள் பிட்சர்கள். இரண்டு தரப்பாரும் ஒரே மனிதரைப் பற்றித்தான் பேசினார்கள், ஆனால் அவரிடம் எதிர்பார்த்தது வேறு வேறு.

கணக்கை வைக்கிறேன். 1959-ல் கான்சஸ் சிட்டி அத்லெடிக்ஸ், 1961 முதல் 1963 வரை நியூயார்க் யாங்கீஸ், 1965, 1966-ல் மின்னசோட்டா ட்வின்ஸ், 1967 முதல் 1969 வரை டெட்ராய்ட் டைகர்ஸ், 1971 முதல் 1975 வரை சிகாகோ ஒயிட் சாக்ஸ், பிறகு 1977-லும் 1985, 1986-லும் அட்லாண்டா பிரேவ்ஸ். 1961 முதல் 1968 வரையிலான காலத்தில் அவர் பயிற்சியாளராக இருந்த ஏழு பருவங்களில் ஐந்தில் அவருடைய அணி வேர்ல்ட் சீரிஸுக்கு, அதாவது பருவ முடிவில் சாம்பியனைத் தீர்மானிக்கும் தொடருக்கு, சென்றது. ஒரு பருவத்தில் 20 ஆட்டங்கள் வெல்வது ஒரு பிட்சருக்கு அந்நாளில் பெரிய அளவுகோல். செயினிடம் பயிற்சி பெற்ற ஒன்பது பேர், மொத்தம் 16 முறை அதைத் தொட்டார்கள்: ஒயிட்டி ஃபோர்ட், ரால்ஃப் டெர்ரி, ஜிம் பவுட்டன், மட்கேட் கிராண்ட், ஜிம் காட், ஏர்ல் வில்சன், டென்னி மெக்லைன், வில்பர் வுட், ஸ்டான் பான்சன்.

இவர்கள் அனைவருமே அவர் வராவிட்டாலும் வென்றிருப்பார்கள் என்று சொல்வது கடினம். அவரால் மட்டுமே வென்றார்கள் என்று சொல்வதும் கடினம். நாளை விரிவாக எழுதுகிறேன்.

2024 ஏப்ரல் 7

செயின் பயிற்சியாளராவதற்கு முன்பே அவருடைய கொள்கைகள் உருவாகிவிட்டன என்பதால் அங்கிருந்து தொடங்குகிறேன். 1917-ல் ஆர்கன்ஸா மாநிலத்தின் ஹவானா என்னும் சிற்றூரில் பிறந்தவர். வேகப்பந்து வீசும் கை அவருக்கு வாய்க்கவில்லை. பல ஆண்டுகள் (மேஜர் லீகுக்குக் கீழ்ப்பட்ட) சிறு லீகுகளில் உழன்று, 1942-ல்தான் பாஸ்டன் பிரேவ்ஸ் அணிக்கு வந்து சேர்ந்தார். உடனே போருக்காகக் கடற்படையில் சேர்ந்து விமானியானார். பந்தை நேராக வேகமாக எறிய முடியாதவன் அதை வளைக்கக் கற்றுக்கொள்ள வேண்டும், வளைக்க வேண்டுமானால் பந்து காற்றில் எப்படிச் சுழல்கிறது என்று தெரிந்திருக்க வேண்டும் என்பதுதான் அவருடைய பாடம். விமானம் ஓட்டக் கற்றது தனக்குப் பெரிதும் உதவியதாக அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

போருக்குப் பின் 1946-ல் 20, 1947-ல் 21, 1948-ல் 24 வெற்றிகள். 1948-ல் பிரேவ்ஸ் அணியில் நம்பத்தக்க பிட்சர்கள் வாரன் ஸ்பானும் செயினும்தான், மூன்றாம் நாள் மழை பெய்ய வேண்டிக்கொள்ள வேண்டியதுதான் என்று பாஸ்டன் பத்திரிகையில் வெளிவந்த வேடிக்கைப் பாட்டு இன்றும் புழக்கத்தில் இருக்கிறது. அந்த ஆண்டு வேர்ல்ட் சீரிஸின் முதல் ஆட்டத்தில் அன்றைய புகழ்பெற்ற பிட்சர் பாப் ஃபெல்லரை எதிர்த்து வீசி 1-0 என்று வென்றார்.

வரலாற்றின் இரு ஓரங்களையும் தொட்டவர் என்றும் சொல்லலாம். 1943-ல் யாங்கீ ஸ்டேடியத்தில் நடந்த போர் நிதி ஆட்டத்தில் ஓய்வுபெற்ற பழம்பெரும் மட்டையாளர் பேப் ரூத்துக்கு வீசினார். 1947 ஏப்ரல் 15 அன்று புரூக்ளினில், நவீன மேஜர் லீகின் முதல் கறுப்பின வீரரான ஜாக்கி ராபின்சன் முதன்முதலாக மட்டையுடன் வந்தபோது எதிரே நின்ற பிட்சரும் இவர்தான்.

2024 ஏப்ரல் 7, பிற்பகல்

ஒன்றை விட்டுவிட்டேன், இந்த விவாதத்துக்கு அது முக்கியமானது. அதே 1948-ல் பிரேவ்ஸ் நிர்வாகம் ஜானி அன்டோனெல்லி என்ற 18 வயது இளைஞருக்குப் பெருந்தொகை கொடுத்து ஒப்பந்தம் போட்டது. அணியைத் தோளில் சுமந்துகொண்டிருந்த செயின் கொதித்துப்போய், பருவத்தின் நடுவிலேயே நிர்வாகத்திடம் சென்று தன் ஒப்பந்தத்தைத் திருத்தி எழுத வைத்தார். பின்னாளில் தன் பிட்சர்களிடமும் நிர்வாக அலுவலகத்துக்கு மாடிப்படி ஏறிப் போய் உன் மதிப்பைக் கேள் என்று அவர் சொல்லிக்கொடுத்தார். கர்வ் பால் (வளைந்து செல்லும் பந்து) சொல்லிக்கொடுக்கச் சம்பளம் வாங்கியவர், சம்பளம் கேட்கவும் சொல்லிக்கொடுத்தால் அந்தச் சம்பளத்தைத் தருபவர்களுக்கு எப்படி இருக்கும்?

2024 ஏப்ரல் 10

இப்போது கேள்வியின் முதல் பாதி. அவர் என்ன செய்தார்?

முதலாவது, சுழற்சி. ஒரு பேஸ்பாலில் கம்பியைச் செருகி, கம்பியைப் பிடித்துக்கொண்டு பந்தைச் சுழற்றிப் பார்க்கும் எளிய கருவி ஒன்றை அவர் வைத்திருந்தார். பந்தை எறியாமலேயே, விரல் எங்கே இருக்கிறது, தையல் எந்தப் பக்கம் உருள்கிறது, சுழற்சியின் அச்சு எந்தத் திசையில் சாய்கிறது என்று பிட்சர் கண்ணால் கண்டு கையால் உணர முடியும். இன்று நிமிடத்துக்கு எத்தனை சுழற்சி என்று கேமராக்கள் அளந்து சொல்லும் காலத்தில் இது விளையாட்டுச் சாமான் போலத் தோன்றும். ஆனால் 1960-களில் பயிற்சியாளர்களில் பெரும்பாலோர் பந்தைத் தாழ்வாக எறி, பயப்படாதே என்பதைத் தாண்டி எதுவும் சொல்லாத நாட்களில் இது புதுமை.

இரண்டாவது, ஓட்டம். பிட்சர்களை மைதானத்தில் மணிக்கணக்கில் ஓடவிடுவது அன்றைய வழக்கம். செயின் அதை நம்பவில்லை. பந்தைத் தூக்கிக்கொண்டு ஹோம் பிளேட்டுக்கு (மட்டையாளர் நிற்கும் இடத்துக்கு) யாரும் ஓடிப்போய்க் கொடுப்பதில்லை, கைதான் எறிகிறது, ஆகவே கை எறிந்து எறிந்துதான் பலம் பெற வேண்டும் என்பது அவர் வாதம். இரண்டு ஆட்டங்களுக்கு இடையில் ஓய்வெடுக்கச் சொல்லாமல், முழு வேகமின்றி அடிக்கடி எறியச் சொன்னார்.

மூன்றாவது, குறைவான ஓய்வு. 1961-ல் யாங்கீஸ் மேனேஜராகப் பொறுப்பேற்ற ரால்ஃப் ஹவுக், செயினின் யோசனைப்படி ஒயிட்டி ஃபோர்டை நான்கு நாளுக்கு ஒருமுறை வீச வைத்தார். அதற்கு முன் மேனேஜராக இருந்த கேசி ஸ்டெங்கல் அவரை வலிமையான அணிகளுக்கு எதிராக எடுத்துவைத்துப் பயன்படுத்துவார். 1960-ல் 29 ஆட்டங்களைத் தொடங்கிய (முதல் பிட்சராக இறங்கிய) ஃபோர்ட், 1961-ல் 39 ஆட்டங்களைத் தொடங்கி 25 வென்று 4 தோற்றார். அதுவரை ஒரு முறைகூட 20 வெற்றியைத் தொடாதவர் அவர்.

நான்காவதைத்தான் பிட்சர்கள் அதிகம் பேசுகிறார்கள்: அவர் யாரையும் மாற்ற முயலவில்லை. உன் கை உனக்குத்தான் தெரியும் என்று சொல்லிவிட்டு, நான்கு யோசனைகளை முன்னால் வைத்து, எடுத்துக்கொள்வதை எடுத்துக்கொள் என்று விட்டுவிடுவார்.

2024 ஏப்ரல் 11

ஓட்டத்தைப் பற்றி எழுதியதும் என் பள்ளிக்கூட நாட்கள் நினைவுக்கு வந்துவிட்டன. கிரிக்கெட்டில் வேகப்பந்து வீசிக்கொண்டிருந்த எனக்கு, ஒரு வைடு போட்டால் மைதானத்தை ஒரு சுற்று ஓட வேண்டும் என்பது தண்டனை. ஒரு மாலையில் பதினொரு சுற்று ஓடியிருக்கிறேன். ஓட்டம் வளர்ந்தது, வைடு குறையவில்லை. இதை வைத்துச் செயின் சொன்னது சரி என்று நிறுவ முடியாது என்பது எனக்கும் தெரியும். என்றாலும் அவரைப் பற்றி முதன்முதலில் படித்தபோது எனக்கு ஏன் உடனே பிடித்துப்போனது என்பதற்குக் காரணம் அந்தப் பதினொரு சுற்றுதான்.

2024 ஏப்ரல் 14

ஒரு திருத்தம். 16 முறை என்று எழுதியதில் 1969-ல் மெக்லைன் வென்ற 24-ஐயும் சேர்த்துவிட்டேன். அந்த ஆகஸ்டிலேயே டைகர்ஸ் அணி செயினை அனுப்பிவிட்டது, பருவத்தின் மீதியை மெக்லைன் அவர் இல்லாமல்தான் முடித்தார். எனவே சந்தேகத்துக்கு இடமின்றிச் சொல்ல வேண்டுமானால் 15.

இன்னொரு திருத்தம் இதைவிடப் பெரியது. ஃபோர்டின் 1961-ஐ நான் செயினின் சாதனையாகவே எழுதிவிட்டேன். அந்த ஆண்டில்தான் அமெரிக்கன் லீக் எட்டு அணிகளிலிருந்து பத்தாக விரிந்தது, ஆட்டங்கள் 154-லிருந்து 162 ஆயின, முன்பு சிறு லீகில் இருந்திருக்கக்கூடிய பலர் புதிய அணிகளில் மட்டை பிடித்தார்கள். ஃபோர்டுக்குப் பின்னால் நின்றது ரோஜர் மாரிஸ் மட்டும் 61 ஹோம் ரன் அடித்த அணி. கடைசி இன்னிங்ஸ்களைக் காப்பாற்ற லூயிஸ் அரோயோ இருந்தார். இவ்வளவையும் கழித்துவிட்டு மீதியில் செயினின் பங்கு எவ்வளவு என்று கேட்டால், பத்து ஆட்டங்கள் கூடுதலாகத் தொடங்க வைத்தது நிச்சயமாக அவருடையது என்று மட்டும் சொல்வேன்.

2024 ஏப்ரல் 20

நான் மின்னியாபொலிஸ் புறநகர் ஒன்றில் வசிக்கிறேன், ஆகவே ட்வின்ஸ் கதையை இங்குள்ள முதியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். 1965-ல் அணி 102 ஆட்டங்கள் வென்று வேர்ல்ட் சீரிஸில் டாட்ஜர்ஸிடம் ஏழாவது ஆட்டத்தில் தோற்றது. மட்கேட் கிராண்ட் 21 வென்றார். மறு ஆண்டு ஜிம் காட் 25 வென்றார். அந்த 1966 பருவம் முடிந்ததும் செயினை வேலையிலிருந்து நீக்கினார்கள்.

காரணம் மேனேஜர் சாம் மீலியுடன் இருந்த பிணக்கு. மூன்றாம் பேஸ் பயிற்சியாளராக இருந்த பில்லி மார்ட்டினுடனும் அவருக்கு ஒத்துப்போகவில்லை. பிட்சர்கள் ஒரு தனி அணியாகவும் மற்றவர்கள் இன்னோர் அணியாகவும் பிரிந்திருந்தார்கள் என்பது மேனேஜர் தரப்பின் குறை. அது பொய்யில்லை என்றே நினைக்கிறேன். செயின் தன் பிட்சர்களைப் பிறர் தொட விடமாட்டார். மேனேஜர் ஒரு பிட்சரைத் திட்டினால் செயின் பிட்சரின் பக்கம்தான் நிற்பார். உங்கள் அலுவலகத்தில் துறைத்தலைவர் ஒருவர், தன் கீழுள்ளவர்களை மேலாளர் கேள்வி கேட்கவே கூடாது என்று நின்றால், கீழுள்ளவர்கள் அவரைத் தெய்வமாகக் கும்பிடுவார்கள். மேலாளர் எத்தனை நாள் பொறுப்பார்?

காட் அந்த நீக்கத்தை எதிர்த்துப் பத்திரிகைக்கு ஒரு பகிரங்கக் கடிதமே எழுதினார். ஒரு வீரர் தன் நிர்வாகத்தை எதிர்த்து, அதுவும் ஒப்பந்தம் முடிந்ததும் விரும்பிய அணிக்குப் போகலாம் என்ற பேச்சே இல்லாத அந்த நாட்களில், இப்படி எழுதுவது எவ்வளவு துணிச்சல் என்பதை எண்ணிப்பாருங்கள். அடுத்த பருவத்தில் காட் 16 ஆட்டங்களைத்தான் வென்றார். 50 ஆட்டங்கள் முடிந்த நிலையில் மீலியும் வேலையை இழந்தார். யார் சரி என்று இதிலிருந்து முடிவுகட்ட மாட்டேன், ஆனால் இங்குள்ள ஒரு பெரியவர் இதைச் சொல்லும்போதெல்லாம் மேசையைத் தட்டுகிறார்.

2024 ஏப்ரல் 21

டெட்ராய்ட் கதை சுருக்கமானது, ஏனென்றால் அதே கதைதான். 1967-ல் ஏர்ல் வில்சன் 22, 1968-ல் மெக்லைன் 31. ஒரே பருவத்தில் 30 வெற்றியை அதன்பின் யாரும் தொடவில்லை. அதே ஆண்டு வேர்ல்ட் சீரிஸில் மிக்கி லோலிச் மூன்று ஆட்டங்களை முழுமையாக வீசி வென்றார். அவற்றில் ஏழாவது ஆட்டம் இரண்டே நாள் ஓய்வுக்குப் பிறகு எதிரணியின் முதன்மை பிட்சர் பாப் கிப்சனை எதிர்த்து. பத்து மாதம் கழித்து மேனேஜர் மேயோ ஸ்மித்துடன் மோதல், வேலை நீக்கம்.

2024 மே 5

நண்பர் ஒருவர் கேட்டிருந்தார்: அவ்வளவு வீச வைத்தாரே, அந்தக் கைகளெல்லாம் என்ன ஆயின? இந்தக் கேள்வியை நான் தவிர்த்துக்கொண்டிருந்தேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

1963-ல் 21 வென்ற பவுட்டன் 1965-ல் 4 வென்று 15 தோற்றார், கை போய்விட்டது. 1962-ல் கிட்டத்தட்ட 300 இன்னிங்ஸ் வீசி 23 வென்ற டெர்ரி 1964-ல் 7 வென்றார். மெக்லைன் 1968, 1969 இரண்டு பருவங்களிலும் 320 இன்னிங்ஸுக்கு மேல் வீசினார், 28 வயதில் அவருடைய ஆட்ட வாழ்க்கை முடிந்தது (அதில் அவருடைய சொந்த நடத்தைக்கும் தாராளமான பங்குண்டு). செயினே 1948-ல் 314 இன்னிங்ஸ் வீசிவிட்டு 1949-ல் 10 வென்று 17 தோற்றவர்தான்.

மறுபக்கம் காட். 1973-ல் ட்வின்ஸ் அணி கைகழுவிய பிறகு ஒயிட் சாக்ஸில் செயினிடமே வந்து சேர்ந்து, 1974-ல் 21, 1975-ல் 20 வென்றார். அப்போது அவருக்கு முப்பத்தைந்து, முப்பத்தாறு வயது. 44 வயது வரை ஆடி, 283 வெற்றிகளுடன் ஓய்வுபெற்றார்.

ஆக, ஒரே மருந்து சிலரைக் காப்பாற்றியது, சிலருக்கு ஒத்துக்கொள்ளவில்லை, அல்லது மருந்துக்கும் நோய்க்கும் தொடர்பே இல்லை. நான் முதலில் நினைத்த அளவுக்கு இது நேரான கதை இல்லை.

2024 மே 6

கைகள் என்ன ஆயின என்று நேற்று எழுதியதில் வில்பர் வுட்டை வேண்டுமென்றே சேர்க்கவில்லை, ஏனெனில் அவர் நக்கிள் பால் வீசுபவர். பந்தைச் சுழலவிடாமல் தள்ளும் அந்த வீச்சில் கைக்குச் சுமை குறைவு. சுழற்சியையே தொழிலாகக் கொண்ட செயினின் ஆகப்பெரிய வெற்றிகளில் ஒன்று சுழலாத பந்து என்பதை எண்ணிச் சிரித்துக்கொள்ளலாம்.

நக்கிள் பாலில் வுட்டுக்கு வழிகாட்டியவர் ஹாய்ட் வில்ஹெல்ம், செயின் அல்லர். 1971-ல் ஜோயல் ஹார்லன் காயமடைந்ததால்தான் வுட்டுக்குத் தொடக்க பிட்சராகும் வாய்ப்பே வந்தது. ஆனால் இந்தக் கை இரண்டு நாள் ஓய்வில் தாங்கும் என்று கண்டு, மேனேஜர் சக் டானருடன் சேர்ந்து அதைத் துணிந்து செய்து பார்த்தவர் செயின். 1972-ல் வுட் 49 ஆட்டங்களைத் தொடங்கி 376 இன்னிங்ஸ் வீசினார். 1973 ஜூலையில் ஒரே நாளில் நடந்த இரண்டு ஆட்டங்களையும் அவரே தொடங்கினார், இரண்டிலும் தோற்றார். நல்ல யோசனைக்கும் ஒரு எல்லை உண்டு என்று அன்று அவர்களுக்குத் தெரிந்திருக்கும்.

டானருடன் செயின் ஐந்து பருவங்கள் சண்டையில்லாமல் இருந்தார் என்பதைக் கவனியுங்கள். அவரை அவர் போக்கில் விட்ட மேனேஜரிடம் அவர் நிலைத்தார். டானர் போனபோது அவரும் போனார். 1986-ல் டானர் அட்லாண்டாவுக்கு வந்தபோது மீண்டும் சேர்ந்துகொண்டார்கள். ஓர் அணியும் பிடித்து வைக்கவில்லை என்ற கேள்விக்கு இதுவும் பதிலின் ஒரு பகுதி.

2024 ஜூன் 2

என் மகனுக்குப் பதினோரு வயது. அவனுடைய சிறுவர் அணியில் நான் துணைப் பயிற்சியாளன், அதாவது பந்துப் பையைச் சுமப்பவன். ஒரு சனிக்கிழமை செயினின் கருவியைச் செய்து பார்க்கலாம் என்று பழைய பந்தொன்றில் துளையிட்டேன். தோலுக்குக் கீழே பந்து முழுவதும் கம்பளி நூல் சுற்றியிருக்கும் என்பது எனக்குத் தெரியும், ஆனால் துளைக்கும் இயந்திரம் அந்த நூலைப் பற்றி இழுத்துத் தன்மேல் சுற்றிக்கொள்ளும் என்பதை யோசிக்கவில்லை. அரை மணி நேரம் கத்தரிக்கோலுடன் போராடினேன். இரண்டாவது பந்தில் தடித்த ஆணியைச் சுத்தியால் அடித்து வழி செய்துகொண்டு கம்பியைச் செருகினேன்.

பையன் அதைச் சுழற்றிப் பார்த்துவிட்டு, அப்பா, தையல் கோடாகத் தெரிகிறது என்றான். அதற்கு முன் இரண்டு மாதங்களாக மணிக்கட்டை இப்படித் திருப்பு, அப்படித் திருப்பு என்று நான் வாயால் சொன்னது எதுவும் அவனுக்கு விளங்கவில்லை. அன்று விளங்கியது.

2024 ஜூன் 23

மேலே எழுதியதைப் படித்து யாரும் உற்சாகமடைந்துவிட வேண்டாம் என்பதற்காக இதையும் எழுதுகிறேன். அடிக்கடி எறிந்தால் கை வலுக்கும் என்ற செயினின் கொள்கையை நானும் மனதில் வைத்துக்கொண்டு, ஆட்ட நாட்களுக்கு இடையில் மகனைப் பின்கட்டில் எறிய வைத்தேன். மூன்றாவது வாரம் முழங்கை வலிக்கிறது என்றான். மருத்துவர் பத்து நாள் பந்தையே தொடக்கூடாது என்றார். தவறு முழுக்க என்னுடையது. லிட்டில் லீக் விதிப்படி அவன் வயதில் ஒரு நாளைக்கு 85 பந்துகள்தான் உச்சவரம்பு, 66-ஐத் தொட்டுவிட்டால் நான்கு நாள் ஓய்வு கட்டாயம். விதி ஆட்டத்தில் எறிந்ததைத்தான் எண்ணுகிறது, பின்கட்டில் எறிந்ததை நான்தான் எண்ணியிருக்க வேண்டும். செயின் பேசியது வளர்ந்து முடிந்த கைகளைப் பற்றி, அதிலும் முழு வேகமின்றி எறிவதைப் பற்றி. பதினோரு வயதுப் பையனுக்கு முழு வேகமின்றி எறி என்று சொன்னால் அவன் கேட்பானா?

2024 ஜூலை 14

இந்த இழையின் முதல் கேள்விக்குத் திரும்புகிறேன், ஏனென்றால் லியோ மசோன் பற்றி ஒருவர் நினைவூட்டினார். பிரேவ்ஸ் அமைப்பின் சிறு லீகுகளில் செயினுடன் பழகி, அவருடைய முறையைக் கற்றவர் மசோன். 1990-ன் நடுவில் அட்லாண்டாவின் பந்துவீச்சுப் பயிற்சியாளராகி, தன் பிட்சர்களை ஆட்டங்களுக்கு இடையில் ஒரு முறைக்குப் பதில் இரண்டு முறை புல்பென்னில் (பிட்சர்கள் எறிந்து பழகும் இடத்தில்) எறிய வைத்தார், முழு வேகமின்றி. டாம் கிளாவின், கிரெக் மேடக்ஸ், ஜான் ஸ்மோல்ட்ஸ் மூவரும் சேர்ந்து 1991 முதல் 1998 வரை அட்லாண்டாவுக்காக ஆறு சை யங் விருதுகளை (ஆண்டின் சிறந்த பிட்சருக்கான விருது) வென்றார்கள். செயினின் கொள்கை சரிதான் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி இல்லை என்று நான் நண்பர்களிடம் பலமுறை வாதாடியிருக்கிறேன்.

ஆனால் 2006-ல் மசோன் பால்டிமோருக்குப் போனார். அதே முறை, அதே மனிதர், வேறு பிட்சர்கள். இரண்டு பருவங்களில் வேலை போனது. கேள்வி கேட்டவர் முதல் வரியிலேயே சொன்னது இதைத்தான். மூன்று மாதமாக எழுதிவிட்டு, அவர் சொன்னதில் பாதியை ஒப்புக்கொள்ளும் இடத்தில் வந்து நிற்கிறேன். மற்றப் பாதியை ஒப்புக்கொள்ளாததற்குக் காரணம், பால்டிமோரில் மேடக்ஸ் இல்லை என்பதோடு, புதிதாக வந்தவர் சொல்வதை நம்பிச் செய்து பார்க்க அங்கு எத்தனை பேர் இருந்தார்கள் என்பதும்தான். காட் கடிதம் எழுதியது ஒரு வீச்சு முறைக்காக அன்று, ஒரு மனிதருக்காக.

2024 ஜூலை 15

செயின் 2006 நவம்பரில் இல்லினாயில் இறந்தார். காட் 2022-ல் பேஸ்பால் புகழ்க்கூடத்தில் சேர்க்கப்பட்டார். பயிற்சியாளர்களுக்கென்று அங்கே தனிப் பிரிவு இல்லை.

2024 ஜூலை 21

துளையிடுவதற்கு எந்த அளவு ஆணி என்று இரண்டு பேர் கேட்டிருக்கிறீர்கள். அளவு எதுவாக இருந்தாலும், முதலில் மெல்லிய ஆணியால் வழி செய்துகொண்டு பிறகு தடித்ததை அடியுங்கள், பந்தைப் பிடிக்க மகனைக் கூப்பிடாதீர்கள். என் மகனின் முழங்கை சரியாகிவிட்டது. இப்போது அவன் கேட்ச்சராக, அதாவது பிட்சர் எறிவதைப் பிடிப்பவனாக, ஆட விரும்புகிறான்.